மாலை போட்ட படம்

படப்பிடிப்புக்காகக் கொல்லிமலைக்கு வந்த நடிகை மிர்திகா, திண்ணனூர் நாட்டுச் சிற்றூர் ஒன்றில் இருசாயி என்பவளின் வீட்டுச் சுவரைப் பார்த்து நின்றுவிட்டாள். அழகிப் போட்டியில் கிரீடம் சூடிய அவள் படம் அங்கே தொங்கியது. பத்து வருடத்துக்கு முன் இந்த வீட்டில் சினிமா எடுத்தவர்கள், கதாநாயகனின் செத்துப்போன அக்கா என்று மாட்டியது. அதன்பிறகு அவளுக்கு வந்ததெல்லாம் சாகிற வேடங்கள்தான்.

அன்று போட்டது பிளாஸ்டிக் மாலை. இன்று இருந்தது வாடாத சாமந்தி.

"நான் உசுரோட இருக்கேம்மா!"

"தெரியுமுங்க. போன வாரங்கூட டிவியில லாரியில அடிபட்டுச் செத்தீங்க."

"அப்புறம் எதுக்கு மாலை? கழட்டுங்க. இதனாலதான் நான் விளங்கவே இல்லை."

மிளகு அள்ளிக்கொண்டிருந்த இருசாயி எழுந்தாள்.

"இது உங்களுக்கில்லீங்க கண்ணு, எம்பொண்ணுக்கு. நாலு வயசுல காச்சல். தூளி கட்டித் தூக்கிட்டு எறங்குனோம். சேந்தமங்கலம் போய்ச் சேரறதுக்குள்ள முடிஞ்சுபோச்சு. ஒரு போட்டோகூட எடுத்ததில்லீங்க. வளந்திருந்தா இப்படித்தான் இருப்பான்னு இதைக் கும்புடறேன்."



இருசாயி மாலையைக் கழற்றினாள். படத்தை முந்தானையால் துடைத்து நீட்டினாள். "உங்களுக்கு ஆகலைன்னா கொண்டுபோயிருங்க சாமி."

வாய்ப்புக் கேட்டு இன்றைக்கும் மிர்திகா அனுப்புவது இந்தப் படத்தைத்தான். அவள் கை நீட்டி வாங்கிக்கொண்டாள்.

இருசாயி அவளுடைய கண்ணோரச் சுருக்கங்களையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒண்ணு கேக்கலாமுங்களா? இது பழசுங்க. அவளுக்கும் இப்ப முப்பத்திரண்டு ஆயிருக்கும். இப்ப இருக்கற மாதிரி ஒரு படம் தருவீங்களா?"