வருகைப் பதிவேட்டின் முதல் வரி

இரண்டாவது வரியில் அவள் பெயர் இல்லை.

கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தாள். அறிவியல் ஆசிரியையின் பெயர் இருந்தது. எதிரே அன்றைய கையெழுத்தும் இருந்தது.

மூன்றாவது வரியில் தமிழாசிரியர். நான்காவதில் சமூக அறிவியல். விரலை வைத்து ஒவ்வொரு வரியாக இறங்கினாள். பதினோரு பேரும் இருந்தார்கள். பதினோரு பேரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள்.

அவளைத்தான் காணோம்.

ஏப்ரல் ஒன்றாம் தேதி. யாராவது விளையாடுகிறார்களோ என்று ஒரு கணம் தோன்றியது. வருகிற முப்பதாம் தேதியோடு அவளுக்குப் பணி ஓய்வு. அதற்குள் பெயரை எடுத்துவிட என்ன அவசரம் என்று நினைத்ததும் மனம் சுருக்கென்றது.

தப்பு அவள் மேலும் உண்டு. மாதக் கடைசியில் அடுத்த மாதப் பக்கத்துக்குப் பெயர் எழுதி வைப்பது தலைமை ஆசிரியரின் வேலை. அந்தப் பள்ளியில் தலைமை ஆசிரியர் இடம் காலி. கணக்கு டீச்சரான அவள்தான் ஆறு வருடமாகப் பொறுப்பு. வேலை தலைமை ஆசிரியருக்கு உள்ளது, சம்பளம் கணக்கு டீச்சருக்கு உள்ளது. இருந்தும் ஒரு மாதம்கூட அவள் பெயர்களை எழுதத் தவறியதில்லை.

நேற்றுத் தவறிவிட்டது. மாவட்ட அலுவலகத்துக்குப் போயிருந்தாள்.

பார்த்த வேலைக்கு உரிய பதவியைக் கொடுங்கள், கடைசி ஒரு மாதமாவது தலைமை ஆசிரியராக இருந்துவிட்டு ஓய்வு பெறுகிறேன் என்று மனுப் போட்டிருந்தாள். அது என்ன ஆயிற்று என்று கேட்கத்தான் போனாள். மனுவின் மேல் ஒரு வரி எழுதிக் கையோடு திருப்பிக் கொடுத்துவிட்டார்கள்.

'வருகைப் பதிவேட்டின்படி மேற்படி காலத்தில் தலைமை ஆசிரியர் பணியிடம் காலியாகவே இருந்துள்ளது.'

சாட்சிக்கு நகல்கள் இணைத்திருந்தார்கள். அத்தனையும் அவள் எழுதியவை.

மாதா மாதம் முதல் வரியில் சிவப்பு மையில் 'தலைமை ஆசிரியர் – காலிப்பணியிடம்' என்று எழுதி, ஒன்றாம் தேதியிலிருந்து கடைசித் தேதி வரை ஸ்கேல் வைத்து ஒரே கோடாக இழுத்திருந்தாள். நேரான கோடு. ஓர் இடத்தில்கூட நெளியவில்லை. அதற்கு அடுத்த வரியில்தான் தன் பெயரை எழுதிக்கொள்வாள்.

எழுதச் சொல்லி யாரும் உத்தரவு போடவில்லை. முறை அதுதான் என்று அவளாகவே எழுதினாள். அவள் அப்படிப்பட்ட பிறவி. தலைமை ஆசிரியர் நாற்காலியில்கூட ஒருநாளும் உட்கார்ந்ததில்லை. பக்கத்தில் ஒரு ஸ்டூலைப் போட்டுக்கொண்டு, நாற்காலியைத் தினமும் துடைத்து மட்டும் வைத்தாள்.

நேற்று பஸ்ஸில் திரும்பும்போது ஓவிய ஆசிரியர் இசக்கிமுத்து போன் செய்து என்ன ஆயிற்று என்று கேட்டார். அந்த ஒரு வரியை வாசித்துக் காட்டிவிட்டு வைத்துவிட்டாள். அதற்கு மேல் பேசினால் அழுதிருப்பாள்.

புதிய பக்கத்தை எழுதியது அவர்தான். கல்யாணப் பத்திரிகைக்கு முகவரி எழுதுகிற மாதிரி அவ்வளவு அழகாக வேறு யார் எழுதுவார்கள்? அவரிடமே கேட்டுவிடலாம் என்று நிமிர்ந்தாள்.

வாசலில் நின்றார். அவருக்குப் பின்னால் மற்ற பத்துப் பேரும் நின்றார்கள். ஒருவரும் வகுப்புக்குப் போகவில்லை.

அப்போதுதான் முதல் வரியைப் பார்த்தாள். ஆறு வருடமாக அதைத் தாண்டியே பழகிவிட்ட கண்.

'சு. ஆவுடையம்மாள், தலைமை ஆசிரியர்.'

கறுப்பு மை. சிவப்புக் கோடு இல்லை. முப்பது கட்டங்களும் திறந்து கிடந்தன.

இது எங்கேயும் செல்லாது என்று அவளுக்குத் தெரியும். ஆனால் பக்கத்தைக் கிழிக்க முடியாது. பதிவேட்டில் இத்தனை பக்கங்கள் என்று எண்ணிச் சான்று எழுதியவளே அவள்தான். வெள்ளை மை பூசக் கூடாது. பூசியதற்காக இதே இசக்கிமுத்தை ஒருமுறை உண்டு இல்லை என்று ஆக்கியிருக்கிறாள். அடித்துத் திருத்தலாம். திருத்தினால் பக்கத்தில் தலைமை ஆசிரியர் கையெழுத்து வேண்டும்.

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. கண்ணும் கலங்கியது. அந்தப் பதினோரு பேரையும் அவளுக்கு அவ்வளவு பிடித்திருந்தது.

இருந்தாலும் தப்பு தப்புதானே. அதைச் சொல்ல வாயெடுத்தாள்.

"மணியடிக்கணும் டீச்சர்," என்றார் இசக்கிமுத்து. "நீங்க கையெழுத்துப் போடலேன்னா இன்னைக்கு ஆப்சென்ட்லா."

மணியடிக்கிறவர் இடமும் அங்கே காலி. அதற்கு அவர்தான் பொறுப்பு.

பழக்கத்தில் சிவப்புப் பேனா கைக்கு வந்திருந்தது. அதை மூடி வைத்தாள். நீலப் பேனாவைத் திறந்து, முதல் வரியின் முதல் கட்டத்தில் கையெழுத்துப் போட்டாள். கடைசி எழுத்து கட்டத்துக்கு வெளியே போய்விட்டது.

மை காயும் வரை பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு சிவப்புப் பேனாவையும் ஸ்கேலையும் எடுத்து இசக்கிமுத்திடம் நீட்டினாள்.

"ஜூன்ல பள்ளிக்கூடம் திறக்கும்போது முதல் வரியில காலியிடம்னு எழுதிருங்க சார். கோடு நேரா இருக்கணும்."

அவர் அவற்றை வாங்காமல் மணியடிக்கப் போய்விட்டார்.