பெயர் எழுதிய துணி

ஜப்பானின் கியோத்தோ நகரத்துப் பழைய தெருக்களில் காலையிலிருந்து நடந்ததில் பொன்மலரும் கணவர் சென்னியப்பனும் களைத்திருந்தார்கள். கூட்டமே இல்லாத ஒரு சிறு கோயிலின் பின்புறம் வழிகாட்டி ஹருனோ நின்றாள். அங்கே முழங்கால் உயரத்தில் நூற்றுக்கணக்கான கற்சிலைகள் இருந்தன. ஒவ்வொன்றின் கழுத்திலும் சிவப்புத் துணி.

"உயிரில்லாமல் பிறந்த குழந்தைகளுக்காகப் பெற்றோர் கட்டுவது. சிலர் பெயரும் எழுதுவார்கள்," என்றாள் ஹருனோ ஆங்கிலத்தில்.

பொன்மலர் கணவரைத் திரும்பிப் பார்க்கவில்லை. பதினாறு வருடங்களுக்கு முன், ஆஸ்பத்திரியில் அவளுக்கு மயக்கம் தெளிவதற்குள் இறந்து பிறந்த குழந்தையை அவர் புதைத்துவிட்டு வந்திருந்தார். ஆணா பெண்ணா என்று அவள் கேட்கவில்லை. அவள் தாங்கமாட்டாள் என்று நினைத்து அவரும் சொல்லவில்லை. பிறகு அந்தப் பேச்சே வீட்டில் எழவில்லை.

"போலாங்க," என்றாள்.

சென்னியப்பன் நகரவில்லை. ஹருனோவிடம் ஒரு துணியும் பேனாவும் வாங்கி, தொடைமேல் விரித்துவைத்துத் தமிழில் நிதானமாக எழுதினார். மை உலர ஊதிவிட்டு அவளிடம் நீட்டினார்.

'தேன்மொழி' என்றிருந்தது.

பொன்மலர் இரண்டு முறை படித்தாள். அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். ஹருனோ சத்தமில்லாமல் விலகிப் போனாள்.

"யாரு சாயலுங்க?" என்று கேட்டாள் பொன்மலர்.