ஊனாத கால்

"இது உழவுக்கும் ஆகாது, வண்டிக்கும் ஆகாது. பல்லைப் பிடிச்சுப் பாத்தா கிழடு. சாயங்காலம் வரைக்கும் தாங்காது, நான் சொல்லுதேன்."

கருத்தப்பாண்டி வந்துவிட்டார். சங்கரன்கோவில் சந்தையில் மாட்டுத் தரகு பார்க்கிற மனிதர், நாலு தெருவுக்குக் கேட்கிற குரல். அந்தக் குரலை இந்த வாரம் முழுக்கக் காசிராஜன் மேல்தான் செலவழித்துக்கொண்டிருந்தார்.

காசிராஜன் மிதித்துக்கொண்டே இருந்தான். பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த பொட்டலில், தரையில் கால் ஊனாமல் ஏழு நாள் சைக்கிள் சுற்றுவதாக நோட்டீஸ் ஒட்டியிருந்தான். சாப்பாடு, குளியல், சவரம் எல்லாம் சைக்கிள் மேலேயே. இன்று கடைசி நாள், பேச வாயைத் திறந்தால் இருக்கிற மூச்சும் போய்விடும் போலிருந்தது.

அலுத்துப்போய்விட்டது அவனுக்கு. கால் என்றைக்கோ மரத்துவிட்டது. பார்த்த முகங்கள், ஒலிபெருக்கியில் திரும்பத் திரும்பப் பாடுகிற பாட்டு, கம்பத்தில் கட்டிய கலர்க் காகிதம், எதைப் பார்த்தாலும் எரிச்சலாக வந்தது.

போன மாதம் புளியங்குடியில் பாதியிலேயே காலை ஊனிவிட்டான். அங்கே யாரும் அவனை ஏசவில்லை. "பாவம், முகம் கறுத்துப்போச்சு, இறங்கட்டும்" என்று பெண்கள் உச்சுக் கொட்டினார்கள். அவன் மனைவி இசக்கித்தாய்கூடக் கஞ்சிச் செம்பை நீட்டும்போது கண்ணைத் துடைத்துக்கொண்டாள். கேட்கக் கேட்க உடம்பு இளகி, கால் தானாகத் தரைக்குப் போய்விட்டது.

இங்கேயும் ஊனினால் இனி ஒரு ஊரும் இடம் கொடுக்காது. அண்ணன் வீட்டில் போய், மதினி போடுகிற சோற்றுக்குத் தலையைக் குனிந்து உட்கார வேண்டியதுதான்.

மத்தியான வெயிலில் கண் செருகியது. ஹேண்டில்பார் கையில் நிற்காமல் ஆடியது. கூட்டத்தில் ஒரு பெரியவர், "போதும் தம்பி, இறங்கிரு. உசிரு முக்கியம்" என்றார்.

காதுக்கு எவ்வளவு இதமாக இருந்தது அந்த வார்த்தை. ஒரே ஒரு நிமிஷம் இந்த மண்ணில் படுத்து எழுந்தால் போதும் என்றிருந்தது. சைக்கிள் மெதுவாகி ஒரு பக்கம் சாய்ந்தது.

"ஊனு லே, ஊனு" என்றார் கருத்தப்பாண்டி. "புளியங்குடியில காலை ஊனிட்டுப் பொண்டாட்டி மடியில விழுந்து அழுதியே, இங்கனயும் அழு. நாங்களும் பாக்கணும்லா."

கூட்டம் சிரித்தது. காசிராஜனுக்குத் தூக்கிவாரிப்போட்டது. அவன் அழுதது கூடாரத்துக்குள்ளே. இசக்கித்தாயைத் தவிர அங்கே ஒரு ஈ காக்கை கிடையாது. எந்தப் பயல் சாக்கு மறைப்பை விலக்கிப் பார்த்துவிட்டு ஊர் ஊராகச் சொல்லித் திரிகிறானோ?

ஆத்திரத்தில் அவன் மிதித்த மிதிக்குச் செயின் கிறீச்சிட்டது. சாய்ந்த சைக்கிள் நிமிர்ந்து ஓடியது. வந்த தூக்கம் போன இடம் தெரியவில்லை.

இசக்கித்தாய் மேலும் அவனுக்குக் கோபம்தான். சக்கரத்தில் குச்சியை விடப் பார்த்த பயல்களை விளக்குமாற்றோடு விரட்டியவள், இந்த ஆளை மட்டும் ஏனென்று கேட்கவில்லை. ஓரமாக உட்கார்ந்து கஞ்சி கரைத்துக்கொண்டிருந்தாள். செம்போடு அவள் கூடவே நடந்து வந்தபோது கேட்டுவிட்டான்.

"ஏட்டி, கேட்டியா அவன் பேச்சை?"

"கேட்டேன். செம்பைப் பிடிங்க."

"இறங்கினதும் அவன் பல்லைத் தட்டுதேனா இல்லையா பாரு."

"முதல்ல இறங்குத நேரம் வரட்டும்."

இவள் எந்தக் கல்லில் செய்த மனுஷி என்று நினைத்துக்கொண்டே கஞ்சியைக் குடித்தான். ஒரு ஆறுதல் வார்த்தை சொன்னால் வாயா தேய்ந்துவிடும்?

மிச்ச நேரத்தை அந்தப் பல் நினைப்பில்தான் ஓட்டினான். உடம்பில் வேறு எதுவும் மிச்சமில்லை. ஒவ்வொரு சுற்றிலும் கருத்தப்பாண்டியின் முகத்தைப் பார்ப்பான், எங்கே குத்தலாம் என்று யோசிப்பான், மிதிப்பான். அவன் தளரும்போதெல்லாம் அந்த மனிதரும் புதிதாக ஒன்றை எடுத்துவிட்டார். தொண்டை கட்டிக் குரல் கரகரத்த பிறகும், "கசாப்புக்குத்தான் வே ஆகும்" என்று பக்கத்தில் நின்றவர்களிடம் சொல்லிக்கொண்டிருந்தார்.

பொழுது சாய விசில் ஊதினார்கள். கூட்டம் கை தட்டியது, யாரோ மாலையைப் போட்டார்கள். காசிராஜன் காலை ஊனியதும் முட்டி மடங்க, இரண்டு பேர் தாங்கிக்கொண்டார்கள்.

அவர்களை உதறிவிட்டு, தள்ளாடித் தள்ளாடி நேராகக் கருத்தப்பாண்டியிடம் போனான். சட்டையைக் கொத்தாகப் பிடித்துக் கையை ஓங்கினான். அந்த மனிதர் விலகவும் இல்லை, தடுக்கவும் இல்லை.

இசக்கித்தாய் ஓடிவந்து, ஓங்கிய கையை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"அடிச்சிராதீங்க. அடுத்த ஆட்டத்துக்குக் கடையநல்லூருக்கும் வந்து ஏசுதேன்னு அண்ணாச்சி இப்பத்தான் சம்மதிச்சிருக்காக."