மன்மத வருசத்துக் குறிப்பு

ஆசிரியை நியமனம் இல்லையென்று கடிதம் வந்த மூன்றாம் நாளே, குணரத்தினம் மனைவி யோகேஸ்வரியைச் சுன்னாகத்தில் சட்டத்தரணி கந்தவனத்திடம் கூட்டிக்கொண்டு வந்துவிட்டான்.

“முப்பத்தைஞ்சு வயது தாண்டீட்டுது எண்டு தள்ளிப்போட்டாங்கள், ஐயா. பிறப்புப் பத்திரத்திலை 1953 எண்டு கிடக்கு. அது பிழை. இந்தாங்கோ இவவின்ரை சாதகக் குறிப்பு. கலியாணத்துக்குப் பொருத்தம் பார்க்க இவையின்ரை வீட்டிலை தந்தது. மன்மத வருசம், 1955. வயது முப்பத்துநாலுதான்.”

கந்தவனம் குறிப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். “இதிலை பேர் இல்லையே?”

“பேரென்னத்துக்கு? பத்துக்கு ஒன்பது பொருத்தம் எண்டு சாத்திரியார் சொன்ன குறிப்பு. அதாலைதான் பன்னிரண்டு வருசமாய் ஒரு சண்டை இல்லை. கோட்டிலை வந்து சத்தியம் பண்ணுவன்.”

“எனக்கு உந்த உத்தியோகம் வேண்டாம். வாங்கோ, வீட்டை போவம்,” என்றாள் யோகேஸ்வரி.

குணரத்தினத்துக்கு ஒன்றும் விளங்கவில்லை. எட்டு வருடம் சம்பளமில்லாமல் தொண்டராகப் படிப்பித்தவள். நேற்று வரைக்கும் அழுதவள்.

“வெல்லுற வழக்கை ஏன் விடவேணும்?” என்று கேட்டான்.

“பத்திரம் சரி. 1953தான்.”

“அப்ப குறிப்பு?”

அவள் தலை குனிந்தாள். “அது தங்கச்சியின்ரை. என்ரை குறிப்பு உங்கடையோடை பொருந்தேல்லை எண்டு அப்பா மாத்திக் குடுத்தவர்.”

குணரத்தினம் கந்தவனத்தைப் பார்த்தான். கந்தவனம் எழுதத் தொடங்கிய தாளைப் பார்த்தார்.

“தம்பி, இப்ப நான் எந்த வழக்கை எழுத?”