அறுபது வருடம்

ஏணியின் மேற்படியில் நின்று குணசேகரம் கல்லைத் தேய்த்துக்கொண்டிருந்தான். கீழே ஏணியைப் பிடித்தபடி ஆனந்தராசா நின்றான்.

கை நழுவினால் போதும். பன்னிரண்டு அடி உயரம், கீழே கருங்கல் தரை. வழுக்கிவிட்டது என்றால் யார் கேட்கப் போகிறார்கள்?

நினைத்த மாத்திரத்தில் ஆனந்தராசாவின் உள்ளங்கை வியர்த்தது. ஆனாலும் அந்த நினைப்பு போகவில்லை.

கிழக்கு பெர்லினின் ஷோனெஃபெல்ட் விமானநிலையத்தில் ஒரே விமானத்தில் வந்திறங்கிய இருவருக்கும் ஹனோவருக்குப் பக்கத்துச் சிறு நகரமொன்றின் அகதி விடுதியில் ஒரே அறை கிடைத்தது. ஒரே பானையில் சமைத்தார்கள். போன மாதம், எண்பத்தாறு மே கடைசியில், ஊரிலிருந்து கடிதம் வந்தது. போராளி இயக்கமொன்றில் இருந்த ஆனந்தராசாவின் தம்பியைச் சுட்டுவிட்டார்கள்.

சுட்டது இலங்கை ஆமி இல்லை. இன்னொரு இயக்கம். நாட்டைவிட்டு வெளிக்கிடும்வரை குணசேகரம் இருந்த இயக்கம்.

அன்றைக்குப் பானை இரண்டாயிற்று. அதற்குப் பிறகு இருவருக்குமிடையில் ஒரு சொல் இல்லை. குணசேகரமும் வாய் திறக்காமல் சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தே கிடந்தான். தன் ஆட்கள் செய்தது அவனை முகம் பார்க்கவிடவில்லை என்று ஆனந்தராசா முடிவுகட்டியிருந்தான்.

நகரசபை இடைக்கிடை விடுதி ஆட்களை வேலைக்குக் கூப்பிடும். கல்லறைத் தோட்டத்தில், பழைய போரொன்றில் செத்தவர்களின் பெயர் பொறித்த நினைவுத்தூணைச் சுத்தம் செய்ய இன்றைக்கு இவர்கள் இருவரின் பெயரும் சேர்ந்தே வந்துவிட்டது. நாளை மறுநாள் அங்கே மலர்வளையம் வைக்கப்போகிறார்களாம்.

மேற்பார்வை பார்த்த பிராண்டெஸ் தள்ளுவண்டியோடு அந்தப் பக்கம் வந்தார். அறுபது வயது மனிதர். பாசி விலகித் தெரிந்த ஒரு பெயரைக் கண்டதும் தொப்பியைக் கழற்றினார்.

அது அவருடைய பாட்டனாரின் அண்ணன். ஆயிரத்து எண்ணூற்று அறுபத்தாறில், லங்கன்சால்சா என்ற இடத்தில், இருபத்திரண்டு வயதில் சுடப்பட்டுச் செத்தவன்.

யார் சுட்டது, பிரெஞ்சுக்காரரா, ரஷ்யரா என்று ஆனந்தராசா தனக்குத் தெரிந்த அரைகுறை ஜெர்மனில் கேட்டான்.

"ஜெர்மன்காரர்தான்," என்றார் பிராண்டெஸ்.

அந்தக் காலத்தில் ஜெர்மனி என்று ஒரு நாடே கிடையாது என்று, இவனுக்கு விளங்கும்படி நிறுத்தி நிறுத்திச் சொன்னார். சின்னதும் பெரியதுமாக முப்பதுக்கு மேற்பட்ட அரசுகள். அத்தனைக்கும் யார் பெரியவன் என்பதில் ஆஸ்திரியாவுக்கும் பிரஷ்யாவுக்கும் போட்டி. நடுவில் அகப்பட்டவர்கள் ஏதோ ஒரு பக்கம் சாய்ந்தே ஆகவேண்டியிருந்தது. ஹனோவர் ஆஸ்திரியாவின் பக்கம் சாய்ந்தது. லங்கன்சால்சாவில் பிரஷ்யப் படையை வென்றும் காட்டியது. இரண்டே நாளில் சுற்றி வளைக்கப்பட்டுச் சரணடைந்தது. அந்த வருடம் முடியுமுன்னரே ஹனோவர் என்ற அரசைப் பிரஷ்யா விழுங்கிவிட்டது. 'கட்டாயப் பிரஷ்யர்' என்று சனம் தங்களைத் தாங்களே கசப்போடு சொல்லிக்கொண்டதாம்.

ஒரே மொழி பேசுகிறவர்கள். இது தங்களுக்கு மட்டும் வாய்த்த சாபம் என்றுதான் ஆனந்தராசா இதுவரை எண்ணியிருந்தான்.

"பிறகு?" என்றான்.

பிராண்டெஸ் சிரித்தார். பிறகு, செத்தவனுடைய தம்பியின் மகன், ஹனோவரைப் பிடித்த பிரஷ்யச் சிப்பாய் ஒருவனின் பேத்தியை விரும்பிக் கட்டிக்கொண்டான். கலியாணத்துக்குத் தகப்பன் போகவில்லை. மகன் வீட்டு வாசலைக்கூட மிதிக்கவில்லை. பேரன் பிறந்து ஞானஸ்நானம் கொடுத்த அன்றுதான் வந்தார். வந்து, சம்பந்திக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சாப்பிட்டார்.

"அந்தக் குழந்தை நான்தான். அதற்குள் சண்டை முடிந்து அறுபது வருடம். வீணாய்ப் போன அறுபது வருடம்."

தொப்பியைப் போட்டுக்கொண்டு வண்டியை உருட்டிப் போய்விட்டார்.

ஆனந்தராசாவுக்கு இருபத்தேழு வயது. கூட்டிப் பார்த்தான். எண்பத்தேழு வயதில், பல்லெல்லாம் போன பிறகு, குணசேகரத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சோறு தின்பதா? அவனையறியாமல் சிரிப்பு வரப் பார்த்தது.

மேலே குணசேகரம் களைத்துப் போயிருந்தான். வலக்கை ஓய்ந்து, இடக்கையால் தேய்த்துக்கொண்டிருந்தான்.

"நீ இறங்கு. கொஞ்ச நேரம் நான் ஏறுறன்."

குணசேகரம் திடுக்கிட்டுக் குனிந்து பார்த்தான். இறங்கிவந்து பிரஷை நீட்டினான்.

ஆனந்தராசா ஏறினான். ஒவ்வொரு படிக்கும் முதுகு கூசியது. இப்போது ஏணி குணசேகரத்தின் கையில்.

உச்சிக்குப் போய் நாலைந்து எழுத்துத் தேய்த்திருப்பான். கீழிருந்து குரல் வந்தது. முகத்துக்கு நேரே நின்று அதைச் சொல்லக் குணசேகரத்துக்கு ஏலாமல் இருந்திருக்க வேண்டும்.

"அண்ணை, என்ர மூத்த அண்ணனும் உங்கட தம்பியின்ர இயக்கத்திலைதான் இருந்தவர். அவரையும் அந்தக் கிழமைதான் சுட்டவங்கள். உங்களிட்டை எப்பிடிச் சொல்லுறதெண்டு தெரியேல்லை."

ஆனந்தராசாவின் கை கல்லின்மேல் அப்படியே நின்றது.

ஏணி மெல்லக் குலுங்கியது. முதலில் காற்று என்று நினைத்தான். குனிந்து பார்த்தால், குணசேகரம் ஏணிப்படியில் நெற்றியை வைத்து அழுதுகொண்டிருந்தான். உடம்பு முழுவதும் குலுங்கியது. ஆனாலும் இரண்டு கைகளும் ஏணியை விடாமல் இறுக்கிப் பிடித்திருந்தன.

"இரு, வாறன்," என்று சொல்லிக்கொண்டே ஆனந்தராசா படி படியாய் இறங்கினான்.