பேர்க்குழி

தண்ணீர் வளைவு திரும்பிவிட்டது என்று கரையில் யாரோ கத்தினார்கள்.

புகழேந்தி செருப்பைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருந்தான். நின்ற இடத்தில் நிற்க முடியவில்லை. ஆலமரம் வரை போனான். திரும்பி வந்தான். மறுபடி போனான்.

மணலுக்கு நடுவே குழி வாயைத் திறந்துகொண்டு கிடந்தது.

கூழாங்கல்கூடக் கிடைக்காத வீரசோழன் ஆற்றில் ஒரே ஒரு கரும்பாறை. அதன் நடுவே ஒரு ஆள் இறங்கினால் மறைந்துபோகிற அளவுக்குப் பள்ளம். ஊரில் அதைப் பேர்க்குழி என்பார்கள்.

தைக் கடைசியில் ஆறு வற்றும் நாளில், பிள்ளை சுமப்பவள் மணலில் இறங்கிப் போவாள். மிச்சத் தண்ணீர் குழிக்குள் இறங்கும்போது குனிந்து, பிள்ளைக்கு வைக்கப்போகும் பேரைச் சொல்லுவாள். வேறு யார் காதிலும் விழக்கூடாது, கட்டியவன் காதில்கூட. கோடை முழுக்கப் பாறை அதை வைத்திருக்கும். ஆனியில் புதுத்தண்ணீர் வந்து நிரம்பியதும், அவள் குரலிலேயே திருப்பித் தரும்.

பிள்ளையைத் தூக்கிப் பிடித்து "இந்தா இருக்கு" என்று பதில் கொடுத்துவிட்டால் பேர் பிள்ளைக்கு. குரலைக் குழி அத்தோடு விட்டுவிடும்.

பதில் வராவிட்டால் விடாது. அடுத்த தையில் ஆறு வற்றுகிற வரை கூப்பிட்டுக்கொண்டே இருக்கும்.

அப்படி யாரும் விட்டதில்லை. எதற்கு விடப்போகிறார்கள்? குரலுக்கு உரியவள்தான் பக்கத்திலேயே நிற்பாளே.

புகழேந்தியின் மனைவி தமிழ்நிலா நிற்கவில்லை. பங்குனியில் பிரசவத்துக்குப் போனவள் வீடு திரும்பவில்லை. பிள்ளை திரும்பியது.

பேர் சொல்லப் போன அன்று அவளுக்கு நல்ல ஜலதோஷம். இடுப்பைப் பிடித்துக்கொண்டு கரையேறி வந்தவளிடம், என்ன பேர் என்று கேட்டான்.

"ஆனி வரைக்கும் மண்டை வெடிச்சுடாம இருங்க," என்றாள், மூக்கை உறிஞ்சிக்கொண்டே.

போனில் அவள் குரல் ஒன்று இருந்தது. வரும்போது தயிர் பாக்கெட் வாங்கி வரச் சொல்லும் குரல். கேட்டுக் கேட்டு அது வெறும் சத்தமாகிவிட்டது. குழியின் குரலோ போனில் பதியாது. முயன்று பார்க்காதவர்கள் ஊரில் இல்லை.

"மாப்ள, பிள்ளைய வாங்கிக்குங்க." மாமியார் ரெங்கம்மாள் கையை நீட்டினாள்.

வாங்கினான். பாப்பா, பாப்பா என்றே எல்லோரும் கூப்பிட்டு வந்த பிள்ளை. இவன் அப்படியும் கூப்பிட்டதில்லை.

நுரையையும் சருகையும் தள்ளிக்கொண்டு தண்ணீர் மணலில் நாக்கை நீட்டியது. கரை அடங்கியது. குழி மடமடவென்று குடித்தது. நிரம்பித் தளும்பியது.

முதலில் வந்தது ஷமாவின் குரல். "ஹஸீனா."

கூட்டத்தில் நின்ற ஷமா சிரித்துக்கொண்டே மகளைத் தூக்கிக் காட்டினாள். "இந்தா இருக்கு!"

"சைபுல்லா மூஞ்சியப் பாருங்கடா! அவங்கம்மா பேரு வரும்னு பிரியாணிக்குச் சொல்லி வச்சிருந்தான்," என்றது ஒரு குரல். கரையே சிரித்தது. ஷமாவின் புருஷன் சைபுல்லாவும் சிரித்தான்.

பிறகு நுரை ஒருமுறை சுழன்றது.

"குந்தவை."

மூக்கடைத்த குரல். அடுப்படியிலிருந்து இப்போதுதான் எட்டிப் பார்த்துக் கூப்பிடுகிற மாதிரி.

கரையில் ஒருவரும் அசையவில்லை. புகழேந்தியும் அசையவில்லை.

"தூக்குங்க மாப்ள. சொல்லுங்க."

"குந்தவை."

சொல்லிவிட்டால் பேர் வந்துவிடும். குரல் போய்விடும்.

சொல்லாவிட்டால், நாற்று விடும்போது கூப்பிடுவாள். நடவின்போது கூப்பிடுவாள். ஐப்பசி மழையில் குடையோடு வந்து நின்றாலும் கூப்பிடுவாள். கதிர் முற்றுகிற வரை, மேட்டூரில் அணையை மூடுகிற வரை.

பிள்ளைக்கு என்ன, பாப்பா என்றே இருந்துவிட்டுப் போகட்டும்.

அவன் கைகள் மேலே எழவில்லை. அது ஊருக்குப் புரிந்துவிட்டது. யாரோ ஒரு கிழவர் தொண்டைக்குள் "தப்புய்யா" என்றார்.

ரெங்கம்மாள் பதில் சொல்ல வாயெடுத்தாள்.

"வேணாம் அத்தை." அவன் அவள் மணிக்கட்டைப் பிடித்தான். "இன்னும் கொஞ்சம்."

அவள் அவனை முறைத்தாள். குழியைப் பார்த்தாள். அவளுக்கும் அது மகள் குரல். முந்தானையை எடுத்து வாயில் அடைத்துக்கொண்டாள்.

"குந்தவை."

பிள்ளை தலையைத் திருப்பியது. வயிற்றுக்குள் இருந்தபோது கேட்ட குரல். அழாமல், கொட்டாவி விடாமல், கண்ணை அகல விரித்துத் தண்ணீரையே பார்த்தது.

புகழேந்தி அதைக் கவனிக்கவில்லை. அடுத்த அழைப்புக்குக் காதைக் கொடுத்துக்கொண்டு நின்றான்.

"குந்தவை."

"ங்ஆ," என்றது பிள்ளை.

சின்னச் சத்தம்தான். ஆனால் ஆறு முழுக்கக் கேட்டது.

நுரை உடைந்தது. குழி அடங்கியது. தண்ணீர் அதன் மேலேறி, அங்கே ஒன்றுமே இல்லாதது போலக் கிழக்கே போனது.

அவன் காத்திருந்தான். பிள்ளையோடு முழங்கால் நனைய நடுவாற்றில் இறங்கி நின்று காத்திருந்தான். தண்ணீரின் சத்தம் மட்டும் வந்தது.

ரெங்கம்மாள் கரையில் உட்கார்ந்துவிட்டாள்.

பிள்ளை இன்னும் குழி இருந்த பக்கமே பார்த்துக்கொண்டிருந்தது. வாய் லேசாகத் திறந்திருந்தது. மறுபடி கூப்பிடுவார்கள் என்று அதுவும் காத்திருந்தது.

புகழேந்தி குனிந்து அதன் முகத்தைப் பார்த்தான்.

பிறகு, கூப்பிடுவதற்குத் தொண்டையைச் செருமிக்கொண்டான்.