நிற்காத தையல்

"நிறுத்துங்க! முதுகுல தையல் விட்டுப்போச்சு!"

தையல்கார அக்கா போட்ட சத்தத்தில் கேமராக்காரர் சுற்றிக்கொண்டிருந்த கைப்பிடியை விட்டுவிட்டார்.

"மறுபடியுமா?" டைரக்டர் தொப்பியைக் கழற்றித் தரையில் எறிந்தார். "காலையிலேருந்து மூணாவது தடவை. நூலால தைக்கிறியா, எச்சிலால ஒட்டுறியா?"

படம் பேச ஆரம்பிக்காத காலம் அது. செட்டுக்குக் கூரை கிடையாது, வெயில்தான் விளக்கு. மேகம் வந்தால் அன்றைய வேலை அம்போ.

அக்கா ஓடிப்போய்க் கதாநாயகியைச் சால்வையால் சுற்றிப் போர்த்தினாள்.

"கால் மணி நேரம் கொடுங்க சார். உள்ளே கூட்டிட்டுப் போய்த் தைச்சு அனுப்பிடறேன்."

"இங்கேயே ரெண்டு குத்து குத்தி விடேன்."

"வயசுப் பொண்ணு சார். இத்தனை பேர் நடுவுலயா?"

மேக்கப்காரர் சிரித்தார். "எல்லாம் பொறாமை சார். பத்து வருஷமா கூட்டத்துல நின்னு கும்பிடு போட்டவளுக்கு, நேத்து வந்த பொண்ணு கதாநாயகி ஆனா பொறுக்குமா? தையலை இவளேதான் பிரிச்சு விடறா. நான் கண்ணால பார்த்தேன்."



"நிஜமா?" என்றார் டைரக்டர்.

அக்கா தலையைக் குனிந்துகொண்டாள். அன்றைக்கு அவளும் வேஷத்தில்தான் இருந்தாள். ராஜமாதா. அவள் முகம் மட்டும் தனியாகத் திரையில் வரப்போகிற முதல் காட்சி. அடுத்து எடுக்க வேண்டியது அதைத்தான்.

"தப்புதான் சார்."

"சார், அக்கா மேல தப்பில்ல, நான்தான்..." என்று கதாநாயகி வாயைத் திறந்தாள்.

அக்கா அவள் கையை நறுக்கென்று கிள்ளினாள்.

"பாருங்க, பாருங்க, கிள்ளுறா!" என்றார் மேக்கப்காரர்.

டைரக்டருக்கு முகம் சிவந்துவிட்டது. "கிரீடத்தைக் கழட்டு. ராஜமாதாவா வேற யாராவது நடிக்கட்டும். இன்னொரு தடவை பிரிஞ்சுதுன்னா தையல் வேலையும் கிடையாது உனக்கு."

அக்கா கிரீடத்தைக் கழற்றி மேக்கப்காரர் கையில் கொடுத்தாள்.

"உள்பக்கம் கம்பி குத்தும். யாருக்கு வெச்சாலும் பார்த்து வைங்க."

துணி அறைக்குள் போனதும் தாழ்ப்பாள் போட்டாள்.

கதாநாயகி அழுதுவிட்டாள். "எனக்காக உங்க வேஷமே போச்சே அக்கா. நான் போய் உண்மையைச் சொல்லிடறேன்."

"சொன்னா நாளைக்கே உன் இடத்துல வேற பொண்ணு வந்து நிப்பா. அழுறதை விட்டுட்டு உட்காரு" என்ற அக்கா, துணிக்கூடைக்குள் விரல் சப்பிக்கொண்டிருந்த மூன்று மாதக் குழந்தையைத் தூக்கி அவள் மடியில் வைத்தாள். "நேரமாச்சு, பால் கொடு."